தொப்பை போகட்டுமா என்று கேட்கிறான்

6 ஜனவரி

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி எழுதிக்கொள்வது. என் உடம்புக்கு ஒரு குறையும் இல்லை. நீயும் மாமாவும் அப்படியே இருக்க வேண்டும். புது வருடத்தோடு என்னைச் சலவைக்கூடத்துக்கு மாற்றிவிட்டார்கள். இந்தச் சிறையிலேயே கதகதப்பான இடம் அதுதான், ஆகவே எல்லோருக்கும் என்மேல் வயிற்றெரிச்சல்.

ஒரு உதவி வேண்டும். சிரிக்கக்கூடாது. என் அறையில் டிவிக்குக் கீழே வீடியோ கேம் இருக்கிறதல்லவா, அதைத் தினமும் கொஞ்ச நேரம் போட்டுவிடு. அதில் எனக்கு ஒரு தீவு இருக்கிறது. சண்டை கிடையாது, சுடுவது கிடையாது. மரம் நடலாம், மீன் பிடிக்கலாம், பக்கத்து வீட்டு மிருகங்களோடு பேசலாம், அவ்வளவுதான். ஆடு, வாத்து, தவளை, பூனை, அப்புறம் கட்டம் போட்ட சட்டையில் ஒரு கரடி. சட்டை நான் கொடுத்தது.

இவர்களுக்கு அவ்வப்போது ஊரைவிட்டுப் போகும் எண்ணம் வரும். அப்போது தலைக்கு மேலே சின்ன மேகம் ஒன்று மிதக்கும். பேச்சுக் கொடுத்தால், "வேறு ஊருக்குப் போகலாம் என்று இருக்கிறேன், போகட்டுமா?" என்பார்கள். திரையில் இரண்டு பதில் வரும். "சரி, போ" என்பதை அமுக்கினால் மறுநாள் வீடு முழுக்கப் பெட்டி கட்டியிருக்கும். அதற்கப்புறம் நீ தலைகீழாக நின்றாலும் நிறுத்த முடியாது. "இங்கேயே இரு" என்பதை அமுக்கினால் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசாமல் இருந்துவிடுவார்கள். இரு என்று சொன்னதற்காகவே இருக்கிறவர்களை நான் வேறெங்கும் பார்த்ததில்லை, அக்கா. நாள்கணக்கில் போடாமல் விட்டால் மட்டும் கேட்காமலே கிளம்பிவிடுவார்கள். போனவர்கள் திரும்புவதில்லை. எப்போதாவது வந்தாலும் நம்மை யாரென்றே தெரியாமல் வருவார்கள்.

செப்டம்பரில் என்னை விட்டுவிடுவார்கள். அதுவரை எல்லோரையும் பிடித்து வை. நான் வேனால் மோதிய அந்தச் சைக்கிள்காரர் இப்போது நடக்கிறாரா? விசாரித்து எழுது.

உன் தம்பி

20 ஜனவரி

அன்புத் தம்பிக்கு,

அக்கா எழுதுவது. இங்கே இருவரும் சுகம். மாமா வழக்கம்போல ரிப்பேர் என்று யார் வீட்டு லிப்டிலோ பாதி உடம்பை உள்ளே விட்டுக்கொண்டிருக்கிறார். நீ நேரத்துக்குத் தூங்குகிறாயா?

சிரிக்காதே என்றால் எப்படிடா? தையல் கடையில் நாளெல்லாம் ஜிப் மாற்றி, இடுப்பைப் பிரித்து, இடுப்பைப் பிடித்துவிட்டு வீட்டுக்கு வந்தால், ஒரு தவளை என்னிடம், "இன்னிக்கு உன் முடி நல்லா இருக்கு" என்கிறது. கல்யாணம் ஆகி இத்தனை வருஷத்தில் உன் மாமா சொன்னதில்லை. அவரைக் கூப்பிட்டுக் காட்டினேன். "தவளைக்குக் கண்ணு சரியில்ல" என்று சொல்லிவிட்டுப் போய்ப் படுத்துவிட்டார்.

உன் ஆட்களுக்கு நான் வைத்த பெயர்களைக் கேட்டுக்கொள். ஆடு பஞ்சு. வாத்து அவசரம், ஓடிக்கொண்டே இருக்கிறது. தவளை மேஸ்திரி. பூனை மகாராணி, முகம் கொடுத்துப் பேசமாட்டாள், "ஹும்" என்பாள், அவ்வளவுதான். கரடிக்குத் தொப்பை என்று பெயர். எனக்கு அவனைத்தான் பிடித்திருக்கிறது. நேற்று அவன், "பேசி முடிக்கும்போதெல்லாம் சொல்ல எனக்கு ஒரு நல்ல வார்த்தை சொல்லிக்கொடேன்" என்று கேட்டான். "சாப்பிட்டியா" என்று எழுதிக்கொடுத்தேன். இப்போது, "மழை வரும்போல இருக்கு, சாப்பிட்டியா", "வலையை எங்கேயோ வெச்சிட்டேன், சாப்பிட்டியா" என்று திரிகிறான்.

வாத்து தலையில் மேகம் பார்த்தேன். இரு என்றேன். இருந்துவிட்டது. நல்ல பிள்ளை, உன்னைப் போல இல்லை.

சைக்கிள்காரர் கைத்தடி இல்லாமல் நடக்கிறாராம். மாடி ஏறினால்தான் மூச்சு வாங்குகிறதாம். எனக்கும் அப்படித்தான் இருக்கிறது, நான் எந்தச் சைக்கிளில் போனேன்?

வேளாவேளைக்குச் சாப்பிடு.

அக்கா

4 பிப்ரவரி

அன்புள்ள அக்காவுக்கு,

நலமாக இருக்கிறேன். அங்கே எல்லோரும், தவளை உட்பட, நலமா?

உன் கடிதத்தால் என் மானம் போயிற்று. இங்கே வருகிற, போகிற கடிதமெல்லாம் ஓர் அதிகாரி படித்துவிட்டுத்தான் விடுவார். அவர் என்னைக் கூப்பிட்டு, "யார்யா அந்த அவசரம்? யார் மேஸ்திரி? எங்க போறதுக்குப் பெட்டி கட்டுறாங்க?" என்றார். கேம் என்றேன். நம்பவில்லை. மேகத்திலிருந்து பெட்டி வரை எல்லாவற்றையும் படம் போட்டு விளக்கினேன். பின்னால் நின்ற காவலர் சிரிப்பை அடக்க முடியாமல் வெளியே போய்விட்டார். அதிகாரி மட்டும் சிரிக்கவில்லை. "எழுதறவங்க ஒண்ணைச் சொல்லாம இன்னொண்ணைச் சொல்லுவாங்க. அதைக் கண்டுபிடிக்கத்தான் எனக்குச் சம்பளம்" என்றார்.

ஐயா, இதையும் நீங்கள்தான் படிக்கிறீர்கள். வணக்கம். அந்த வாத்து நிஜமாகவே வாத்துதான்.

அக்கா, ஒன்று சொல்ல மறந்தேன். ஒருவருக்குச் சொல்லிக்கொடுத்த வார்த்தை பக்கத்து வீட்டுக்கும் ஒட்டிக்கொள்ளும், ஜலதோஷம் மாதிரி. ஒரு நாள் மகாராணியே உன்னைச் சாப்பிட்டியா என்று கேட்பாள், பார்.

இந்த மாதம் பார்க்க வருவாய்தானே? போன மாதமும் வரவில்லை.

தம்பி

9 மார்ச்

அன்புத் தம்பிக்கு,

சுகம். நீயும் சுகமாக இரு. பதில் போடத் தாமதமாகிவிட்டது, கோபித்துக்கொள்ளாதே. கடையில் தலைக்கு மேல் வேலை.

ஒரு கெட்ட செய்தி. பஞ்சும் மேஸ்திரியும் போய்விட்டார்கள். என்னிடம் கேட்கவே இல்லை. வீடு இருந்த இடத்தில் மண்ணும் காலி மனை என்று ஒரு பலகையும்தான். ஊர் முழுக்கக் களை. தபால்பெட்டியில் மேஸ்திரியின் கடிதம் கிடந்தது; "நீ இல்லாதபோது கிளம்ப வேண்டியதாயிற்று, மன்னித்துக்கொள்" என்று எழுதி, கூடவே ஒரு நாற்காலி அனுப்பியிருக்கிறது. அதைப் படித்துவிட்டு நான் அழுதேன் என்றால் உன் அதிகாரி என்ன நினைப்பாரோ.

தொப்பை இருக்கிறான். என்னைப் பார்த்ததும் ஓடி வந்தான்.

இந்த மாதமும் வர முடியாதுடா. பஸ் மாறி மாறி வந்தால் இடுப்பு ஒடிந்துவிடுகிறது. போனிலும் கூப்பிடாதே, தொண்டை கட்டியிருக்கிறது.

அக்கா

17 மார்ச்

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நலம். நீ நலம் என்று எழுதியிருக்கிறாய், படித்தேன்.

கேட்காமல் போனார்கள் என்றால் ரொம்ப நாள் கேமைப் போடவில்லை என்று அர்த்தம். ஒரு வாரத்தில் ஊர் முழுக்கக் களை முளைக்காது. எங்கே போயிருந்தாய்? கடையில் வேலை என்றால் ராத்திரிக்காவது வீட்டுக்கு வந்திருப்பாய் அல்லவா?

ஆடும் தவளையும் போனதற்காகக் கேட்கவில்லை. போனால் போகட்டும். மாமாவோடு சண்டையா? இருந்தால் சொல். இங்கிருந்து நான் என்னத்தைக் கிழிக்கப் போகிறேன், ஆனாலும் சொல்.

தம்பி

10 ஏப்ரல்

அன்புத் தம்பிக்கு,

இருவரும் சௌக்கியம். சண்டையும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. மாமாவின் அக்காவுக்குக் கால் உடைந்துவிட்டது, ஒத்தாசைக்குப் போயிருந்தேன். துப்பறிகிற வேலையை உன் அதிகாரிக்கு விட்டுவிடு.

கடைச் சாப்பாடு சாப்பிட்டே இளைத்துவிட்டேன். போன வாரம் என் துணிமணி எல்லாவற்றையும் நானே பிடித்துத் தைத்தேன். கடைப்பெண் சிரிக்கிறாள், "அக்கா, முதலாளிக்குத் தெரியாம உங்க துணியையும் ஆல்ட்டர் பண்றீங்களா?" என்று.

அவசரமும் போய்விட்டது. அதன் புத்தி அப்படி. இப்போது தொப்பையும் மகாராணியும்தான். அவள் இன்னும் "ஹும்"தான்.

தம்பி, தொப்பை தலையில் மேகம் வந்திருக்கிறது. "ரொம்ப நாள் இருந்துட்டேன். களைப்பா இருக்கு. போகட்டுமா, சாப்பிட்டியா" என்கிறான். நான் எந்தப் பதிலையும் அமுக்காமல் அணைத்துவிட்டேன். மறுநாள் போட்டால் மறுபடியும் கேட்கிறான். தினமும் போடுகிறேன், தினமும் கேட்கிறான். மற்றவர்கள் கேட்டபோது இரு என்று சட்டென்று சொல்லிவிட்டேன். இவனிடம் வாய் வரவில்லை. களைத்துப்போனவனை இரு இரு என்று எத்தனை தடவைதான் பிடித்து வைப்பது? போனால் அவனுக்கு நிம்மதியாக இருக்குமோ என்னவோ.

ஆனால் அது உன் தீவு, உன் கரடி. நீ என்ன சொல்கிறாயோ அதையே சொல்லிவிடுகிறேன். யோசித்துச் சொல். சீக்கிரம் சொல்.

அக்கா

22 ஏப்ரல்

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். நீ இளைத்தது மட்டும் நலமில்லை. உடைந்த காலுக்கு யாரையாவது வேலைக்கு வைக்கச் சொல்லிவிட்டு வீட்டில் உட்கார்ந்து சாப்பிடு.

உன் கடிதம் தாமதமாகத்தான் கைக்கு வந்தது. அதிகாரி பிடித்து வைத்திருந்தார். கூப்பிட்டு உட்காரவைத்து, "உங்க அக்காவுக்கு உடம்பு ஏதாவது சரியில்லையா?" என்று கேட்டார். "இல்லையே ஐயா, கரடிக்குத்தான் மேகம்" என்றேன். "இன்னொரு தடவை படி" என்று கொடுத்தார். படித்தேன். இன்னொரு தடவையும் சிரிப்புதான் வந்தது. இந்த மனுஷன் தப்பிக்கிற திட்டத்தைத் தேடித் தேடிக் கடைசியில் கரடிக்கு வைத்தியம் பார்க்கக் கிளம்பிவிட்டார்.

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? இரு என்று சொல்! கெஞ்சு, அதட்டு, காலைப் பிடி. களைப்பாக இருந்தால் படுத்துத் தூங்கட்டும், கரடிக்குத் தூங்கவா சொல்லித்தர வேண்டும்? ஆடு போனது, தவளை போனது, நான் ஒன்றும் சொல்லவில்லை. தொப்பை போகக்கூடாது. செப்டம்பரில் நான் கதவைத் திறந்து உள்ளே வரும்போது அவன் அங்கே நின்று சாப்பிட்டியா என்று கேட்க வேண்டும். அவ்வளவுதான் கேட்கிறேன். இந்தச் சுவருக்குள் அதை நினைத்துக்கொண்டுதான் நாளைத் தள்ளுகிறேன். எனக்காக இருக்கச் சொல்.

தம்பி

30 ஏப்ரல்

தம்பி,

சொல்லிவிட்டேன். இருக்கிறேன் என்றான்.

நீ சாப்பிட்டாயா?

அக்கா

2 ஜூலை

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நலம், நீ எப்படி இருக்கிறாய், இதற்கு மட்டுமாவது பதில் எழுது. மே மாதம் ஒன்று போட்டேன், ஜூனில் இரண்டு போட்டேன். வரிசையில் நின்று போன் செய்தால் மணி அடித்துக்கொண்டே இருக்கிறது. மாமாவின் போன் அணைந்து கிடக்கிறது.

கோபமா? கேமைப் போட முடியாவிட்டால் விட்டுவிடு, அக்கா. எல்லோரும் போனால் போகட்டும். ஒரு வரி எழுது, போதும். கையெழுத்து மட்டும் போட்டு அனுப்பு.

எனக்குப் பயமாக இருக்கிறது.

தம்பி

14 ஜூலை

மாப்பிள்ளைக்கு,

மாமா எழுதுவது. உன் சுகத்தைக் கேட்டு எழுத வேண்டும் என்று தெரியும். பேனா ஓடவில்லை.

உன் அக்கா போன மாதக் கடைசியில் காலமாகிவிட்டாள். காரியமெல்லாம் முடிந்துவிட்டது. சிறைக்குச் சொன்னால் உன்னை அழைத்து வருவார்கள் என்று தெரிந்தும் நான் சொல்லவில்லை. விலங்கு மாட்டிய கையோடு நீ வந்து நிற்பதை யாரும் பார்க்கக்கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தாள். நுரையீரலில் வந்த கட்டி. ஜனவரியிலேயே தெரியும். என் அக்காவுக்குக் கால் உடையவில்லை. பிப்ரவரி முழுக்க அவள் ஆஸ்பத்திரியில் கிடந்தாள்.

ஏப்ரலில் டாக்டர், "இன்னும் ஒரு சுற்று மருந்து ஏற்றிப் பார்க்கலாம், இல்லை என்றால் வலிக்கு மட்டும் மருந்து கொடுத்து வீட்டுக்கு அனுப்புகிறேன், நிம்மதியாக இருக்கட்டும்" என்றார். அவள் வீட்டுக்கே என்றாள். எனக்கும் அவளுக்கும் அதில் பேச்சு வளர்ந்தது. கடைசியில், "தம்பியைக் கேட்டுடறேன்" என்றாள். அப்படியானால் நேராகக் கேள் என்றேன். "நேரா கேட்டா உள்ளே கெடந்து உடைஞ்சு போயிடுவான். கரடியைக் கேக்கறேன். அவன் கரடிக்குத்தான் பதில் சொல்லுவான், எனக்குப் புரிஞ்சுடும்" என்றாள்.

உன் கடிதம் வந்த அன்று அதை அவளுக்கு நான்தான் படித்துக் காட்டினேன். இன்னொரு தடவை படி என்றாள், படித்தேன். மறுநாள் டாக்டரிடம், "ஏத்துங்க, செப்டம்பர் வரைக்கும் நான் இருக்கணும்" என்றாள்.

மாப்பிள்ளை, மே மாதமும் ஜூன் மாதமும் எப்படி இருந்தது என்று எழுத மாட்டேன். தண்ணீர் விழுங்க முடியாமல் இருந்தாள். உன்மேல் வருத்தம் இல்லை என்று எழுத நினைத்துத்தான் உட்கார்ந்தேன். இருக்கிறது. பொய் எழுதி என்ன ஆகப் போகிறது? ஆனால் அந்தக் கடிதத்தைச் சத்தம் போட்டுப் படித்தவன் நான். எனக்காக என்ற இடத்தில் என் குரலும்தான் கெஞ்சியது. அதை அவள் கேட்டிருப்பாள்.

முடிகிற நாளெல்லாம் தலையணையைச் சாய்த்து உட்கார்ந்து அந்தக் கேமைப் போட்டுவிடுவாள். நேற்று நான் போட்டேன். எனக்கு அதில் நடக்கக்கூடத் தெரியவில்லை. கரடி வந்து மறுபடியும் போகட்டுமா என்று கேட்டது. எதையும் அமுக்காமல் அணைத்துவிட்டேன். அதற்கு என்ன சொல்லட்டும்?

மாமா

25 ஜூலை

மாமாவுக்கு,

உங்கள் கடிதத்தை அதிகாரி தன் கையாலேயே கொண்டுவந்து கொடுத்தார். வழக்கமாகக் காவலர்கள் கதவிடுக்கில் போட்டுவிட்டுப் போவார்கள். நாற்காலியை இழுத்துப் பக்கத்தில் உட்கார்ந்தார். நான் படித்து முடித்ததும், "ஏப்ரல்லயே எனக்குத் தோணிச்சுப்பா. நேராச் சொல்லியிருக்கணும்" என்றார். முன்பின் தெரியாத ஒருவருக்குப் புரிந்திருக்கிறது. அவள் கையால் சோறு தின்று வளர்ந்த எனக்குப் புரியவில்லை. இரண்டு தடவை படித்தேன், மாமா. இரண்டு தடவையும் சிரித்தேன்.

அவளை நான் இருக்கச் சொன்னேன். அதற்காகவே இருந்தாள்.

தொப்பையைப் போகச் சொல்லிவிடுங்கள். "சரி, போ" என்பதை அமுக்குங்கள். ஏன் எதற்கு என்று கேட்காதீர்கள். போவதற்கு முன்னால் சாப்பிட்டியா என்று கேட்பான், சாப்பிட்டேன் என்று சொல்லுங்கள். நான் சொன்னதாகச் சொல்லுங்கள்.

உங்கள் வருத்தம் அப்படியே இருக்கட்டும். அது நியாயம்.

அவள் தம்பி

19 ஆகஸ்ட்

மாப்பிள்ளைக்கு,

மாமா எழுதுவது. நான் நடமாடிக்கொண்டிருக்கிறேன். நீயும் அப்படி இருந்தால் சரி.

உன் கடிதம் வந்து பல நாள் மேசைமேல் கிடந்தது. பிரிக்கக் கை வரவில்லை. நேற்றுதான் பிரித்தேன், உடனே கேமைப் போட்டேன்.

கரடி இல்லை. வீடு இருந்த இடத்தில் மண்ணும் பலகையும்தான். அணைத்து வைத்தால், மாடிக்கும் மாடிக்கும் நடுவே நின்ற லிப்ட் மாதிரி அது அங்கேயே நிற்கும் என்று நினைத்துவிட்டேன். போடாமல் விட்டால் கேட்காமல் போய்விடும் என்று நீ ஜனவரியிலேயே எழுதியிருக்கிறாய். அந்தக் கடிதத்தை அவள் துணிப்பெட்டியில் பார்த்தேன். நீ போகச் சொன்னது அதற்குத் தெரியாது. இருக்கச் சொன்னது மட்டும்தான் தெரியும். அதன் கடிதம் தபால்பெட்டியில் இருக்கலாம், எனக்கு அதைத் திறக்கத் தெரியவில்லை.

செப்டம்பரில் உன்னை அழைத்துப்போக வாசலுக்கு வருவேனா என்று இப்போது சொல்ல முடியவில்லை. வராவிட்டாலும் நீ வீட்டுக்கு வா. உன் அறை அப்படியே இருக்கிறது.

அணைக்கப் போகும்போது பூனை எதிரே வந்தது. உன் அக்காவிடம் ஒரு நாளும் முகம் கொடுத்துப் பேசாத அந்தத் திமிர் பிடித்த பூனைதான். களையைப் பிடுங்கினால் ஊர் நன்றாக இருக்கும் என்று என்னவோ சொன்னது. சொல்லி முடிக்கும்போது, சாப்பிட்டியா என்றது.

டிவி முன்னால் நின்றுகொண்டு, இன்னும் இல்லை என்று நான் வாய்விட்டுச் சொன்னேன். அது கேட்டுவிட்டு நடந்து போய்விட்டது.

மாமா